வேண்டாம்னு சொல்லியும் கேக்கல

வெம்பக்கோட்டை அணைக்கு மேற்கே இருக்கும் அந்த ஊரில் போய் ஊர்க்காவலன் வீடு எது என்று கேட்டால் யாரும் சட்டென்று வழி சொல்ல மாட்டார்கள். படக்காரர் வீடு என்று கேட்டால் போதும், நாலு பேர் கூடவே நடந்து வந்து வாசலில் விட்டுவிட்டுப் போவார்கள். சினிமாவில் நடித்தவர் இல்லை அவர். ஆபத்தான தொழில், உயிரைப் பணயம் வைக்கும் மனிதர்கள் என்று உலகத்தில் யார் யாருக்கெல்லாம் படம் எடுக்கத் தோன்றியதோ, அவர்களெல்லாம் எப்படியோ சிவகாசிப் பக்கம் வந்து சேர்ந்தார்கள். வந்தவர்கள் எல்லாரும் இவரைத்தான் பிடித்தார்கள். 2003-க்கும் 2008-க்கும் நடுவில் நாலு படம். முதலை பிடிக்கிறவன் ஒருத்தன், மலை உச்சியிலிருந்து குதிக்கிறவன் ஒருத்தன், அடுத்தது நம் ஊர்க்காவலன்.

அவருடைய வீரத்தைப் பார்த்து வந்தார்கள் என்று நினைத்துவிட வேண்டாம். எல்லாம் அலுமினியப் பொடி செய்த வேலை. பட்டாசுக் கம்பெனியில் மருந்து என்றால் வெடிமருந்து. வெடியுப்பு, கந்தகம், அலுமினியப் பொடி மூன்றையும் அளவு பார்த்துச் சலித்துக் கையாலேயே கலந்து கொடுப்பது ஊர்க்காவலனின் வேலை. மற்ற ரூம்களை விட்டு விலகிக் கடைக்கோடியில் நிற்கும் சின்ன ரூம் அது. இரண்டு பேருக்கு மேல் உள்ளே போகக் கூடாது, காலில் செருப்பு கூடாது, உடம்பில் நைலான் துணி கூடாது, வெயில் ஏறுவதற்குள் வேலை முடிந்துவிட வேண்டும். முடித்து வெளியே வரும்போது தலைமுடியிலிருந்து கால் நகம் வரை பொடி அப்பி, மனிதர் முழுசாக வெள்ளியாகிவிடுவார். கண்ணும் பல்லும் மட்டும் தனியாகத் தெரியும். அந்தக் கோலத்தில் காலை வெயிலில் பம்புசெட்டைப் பார்த்து நடக்கிறவரைக் கண்டால் கேமரா வைத்திருப்பவன் சும்மா விடுவானா?

முதலில் வந்தவர்கள் வெள்ளைக்காரர்கள். அழைத்து வந்தவன் செல்வக்குமார். விருதுநகரில் கல்யாண வீடியோ எடுக்கும் ஸ்டுடியோ வைத்திருந்தான். இங்கிலீஷ் ஓரளவு வரும், கூச்சம் கொஞ்சமும் வராது. அந்த இரண்டையும் வைத்துக்கொண்டு வெளிநாட்டுப் படங்களுக்கு இந்தப் பக்கத்து ஆளாகிவிட்டான். வெள்ளைக்காரர்கள் ஊர்க்காவலனை மூன்று நாள் நடக்கவிட்டார்கள். நிற்கச் சொன்னார்கள், திரும்பச் சொன்னார்கள், கையை மூஞ்சிக்கு நேரே விரித்துப் பார்க்கச் சொன்னார்கள். மருந்து ரூம் வாசலில் ஒரு பீடி பற்றவைத்தால் நன்றாக இருக்கும் என்றும் ஒருவர் சொன்னாராம். ஊர்க்காவலன் செல்வக்குமாரைப் பார்த்து, "அவுகள முதல்ல ரோட்டுக்கு அங்கிட்டு போயி நிக்கச் சொல்லு, நான் பத்தவைக்கேன்" என்றார். அத்தோடு அந்தப் பேச்சு நின்றது.

பயமாக இல்லையா என்று எல்லாப் படத்திலும் கேட்டார்கள். முதல் படத்தில் "இல்ல" என்று உண்மையைச் சொன்னார். கேட்டவர் முகம் வாடிவிட்டது. இரண்டாவது படத்தில் "இருக்கு" என்றார். அவர்கள் ஆசையோடு இன்னும் கொஞ்சம் எதிர்பார்ப்பது தெரிந்தது. மூன்றாவதில் இருந்து, "பயம் இருக்கு, அதுக்கு மேல பசி இருக்கு" என்று சொல்லப் பழகிக்கொண்டார். அதைச் சொன்னதும் கேமராவுக்குப் பின்னால் இருப்பவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துத் தலையாட்டுவார்கள். அவர் மனைவி வள்ளித்தாய், "ரெண்டு வேளை அரிசிச் சோறு தின்னுக்கிட்டு பசியாம்ல பசி" என்று நொடித்துக்கொள்வாள்.

காசுக்காகப் போனார் என்றும் சொல்ல முடியாது. முதல் படத்துக்கு ஒரு டார்ச் லைட்டும் தொப்பியும் கொடுத்தார்கள். பேருக்காகவும் இல்லை. அவருக்கு ஒரு காரியம் ஆக வேண்டியிருந்தது. ஒரே ஒரு சேதியை அவர் வாயால், நாலு பேர் கேட்கிற மாதிரி, சொல்லியாக வேண்டியிருந்தது.

முனியராஜ் அவருடைய தம்பி. எட்டு வயது இளையவன். அதே மருந்து ரூமில் அண்ணனுக்குத் துணையாள். 2002 பங்குனியில், ஒரு திங்கட்கிழமை காலையில், முந்தின சனிக்கிழமை கலந்து மிஞ்சிய மருந்து மரவை என்கிற மரத்தட்டில் பாதி அளவு ரூமில் கிடந்தது. மிச்ச மருந்தை வைத்திருக்கக் கூடாது, அன்றைக்கே அழித்துவிட வேண்டும் என்பது அந்தத் தொழிலில் எழுத்தறியாதவனுக்கும் தெரிந்த சட்டம். ஈரம் பட்டால் அலுமினியப் பொடி தானாகவே சூடாகும். ஆனால் ஆர்டர் நெருக்கியது, லோடு மதியம் கிளம்ப வேண்டும். போர்மேன் சுடலை ஊர்க்காவலனிடம் வந்து, புதுசோடு சேர்த்துக் கலந்துவிடும்படி சொல்லிவிட்டுப் போனார். ஊர்க்காவலன் அதைத் தம்பியிடம் சொன்னார். முனியராஜ் மரவையில் புறங்கையை வைத்துப் பார்த்தான்.

"வேண்டாம்ணே. கதகதன்னு இருக்கு. வெளிய கொண்டு போயிக் கொட்டிருவோம்."

"இன்னைக்கு ஒரு நாள்தானலே. மொணங்காமப் போடு" என்றார் ஊர்க்காவலன்.

சொல்லிவிட்டுத் தண்ணீர் குடிக்க வேப்பமரத்தடிக்கு நடந்தார். பானையில் செம்பை விட்டார். அதற்கப்புறம் நடந்ததை ஊரே பார்த்தது. ரூம் இருந்த இடத்தில் ரூம் இல்லை.

விசாரணைக்கு அதிகாரி வந்த அன்று காலையில் சுடலை ஊர்க்காவலன் வீட்டுக்கு வந்து, உட்காரக்கூட இல்லாமல் பேசினார்.

"காவலு, மிச்ச மருந்துன்னு ஒரு வார்த்தை வந்துச்சுன்னா சீல் வச்சிருவான். எறநூறு குடும்பம் தெருவுல நிக்கும். போனவன் போயிட்டான், திரும்பியா வரப் போறான்?"

அதிகாரி எழுதிக்கொள்ள எழுதிக்கொள்ள ஊர்க்காவலன் சொன்னது இதுதான்: தம்பி அவசரத்தில் சல்லடையைப் போட்டுத் தேய்த்துவிட்டான். உராய்வில் பிடித்துக்கொண்டது. இருநூறு குடும்பத்துக்காகச் சொன்னார் என்று சொன்னால் அவர் மேல் நமக்கு ஒரு மரியாதை வரும். ஆனால் அதைச் சொல்லி முடித்தபோது, துக்கத்துக்கு நடுவிலே, அவருக்கு அப்பாடா என்று இருந்தது. தேய்த்தது தம்பி என்றாகிவிட்டால், போடச் சொன்னது யார் என்ற கேள்வியே வராது அல்லவா. அந்த அப்பாடாவை நினைத்து நினைத்து அவர் பிற்பாடு வெந்தார்.

கம்பெனி ஒரு மாதம் மூடியிருந்து திறந்தது. அதன் பிறகு ஒரு பேச்சு புழக்கத்துக்கு வந்தது. யாராவது வேகமாகக் கை போட்டால், "முனியராஜ் வேலை பாக்காதீக" என்பார்கள். முதலில் போர்மேன் சொன்னார், பிறகு எல்லாரும் சொன்னார்கள். ஒருத்தரும் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. ஒரு வார்த்தை வேலைக்குத் தோதாக இருந்தால் நாக்கில் ஒட்டிக்கொள்கிறது. முனியராஜின் மனைவி குருவம்மாள் அந்தக் கம்பெனியிலேயே திரி கோர்க்கிற வேலைக்கு வந்திருந்தாள். ஒரு நாளைக்கு ஏழெட்டுத் தடவை அவள் காதில் அது விழும். பதினைந்து வருடம் மருந்தில் கை வைத்து ஒரு கீறல் படாமல் வேலை பார்த்த மனிதன் அவன்.

மருந்து ரூமிலிருந்து கொஞ்சம் தள்ளி, அதற்கு அடுத்த ரூமில் வேலை பார்த்த மூக்கம்மாள்தான் அவளிடம் சொன்னாள். அன்றைக்கு வெடிப்பதற்கு முன்னால் முனியராஜ் "வேண்டாம்" என்று சத்தமாகச் சொன்னது தனக்குக் கேட்டது என்று. குருவம்மாள் நேரே ஊர்க்காவலன் வீட்டு வாசலுக்கு வந்தாள்.

"போர்மேன்கிட்ட அவுக வேண்டாம்னு சொல்லியிருக்காக. நீகளும் அங்கனதான இருந்தீக அத்தான். தேய்ச்சிட்டான்னு எதுக்குச் சொன்னீக?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

"சொன்ன வாயால திருப்பிச் சொல்லுங்க. நாலு பேரு கேக்கச் சொல்லுங்க. அது வரைக்கும் நான் இந்த வாசல்ல கால் வைக்க மாட்டேன், உங்ககிட்டப் பேசவும் மாட்டேன்."

போர்மேனிடம் சொன்னான் என்று அவளாகவே நினைத்துக்கொண்டாள். இல்லையம்மா, என்னிடம்தான் சொன்னான் என்று அந்த இடத்தில் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. எழுதி முடித்துக் கட்டிய விசாரணையைத் திரும்பப் பிரிக்கச் சொல்லிப் போய் நிற்கவும் துணிச்சல் இல்லை. பொய்ச் சாட்சி என்று உள்ளே பிடித்துப் போட்டுவிடுவார்கள் என்று பயந்தார். அடுத்த வருடம் வெள்ளைக்காரர்கள் கேமராவோடு வந்து நின்றபோது அவருக்கு வழி தெரிந்தது. ஆபீசில் சொல்ல வேண்டாம், போலீசில் சொல்ல வேண்டாம். படத்தில் சொல்லிவிட்டால் உலகமே கேட்கும், குருவம்மாளும் கேட்பாள்.

முதல் படத்தில் அரை மணி நேரம் சொன்னார். மிச்ச மருந்து, போர்மேன் வந்தது, தம்பி புறங்கை வைத்துப் பார்த்தது எல்லாம். செல்வக்குமார் கையைக் கட்டிக்கொண்டு கேட்டான். பிறகு வெள்ளைக்காரரைப் பார்த்து இங்கிலீஷில் ஒரே ஒரு வரி சொன்னான். வெள்ளைக்காரர் ஊர்க்காவலனின் தோளைத் தட்டிக் கொடுத்தார், அவர் கை வெள்ளியாயிற்று. அவ்வளவுதான்.

"என்னலே, நான் அம்புட்டுச் சொன்னேன், நீ இத்துணூண்டு சொல்லுத?"

"அண்ணாச்சி, கம்பெனிக்குள்ள கேமரா விட்டதே பெரிசு. நீக சொல்றத அப்படியே சொன்னா, அடுத்த படத்துக்கு மொதலாளி என்னையக் கேட்டுக்குள்ளயே விட மாட்டாரு. தம்பியும் இதே வேலையில செத்துட்டாரு, ரொம்ப வருத்தம்னு சொல்லியிருக்கேன். அது போதும்."

படம் முடிந்து சிடி வந்தபோது விருதுநகருக்குப் போய் ஸ்டுடியோவில் பார்த்தார். இரண்டரை நிமிடம் வந்தார். பம்புசெட்டுத் தண்ணீரில் வெள்ளி கரைந்து ஓட, கரேலென்று ஒரு மனிதர் வெளியே வந்தார். வாயே திறக்கவில்லை.

இரண்டாவது, டெல்லிக்காரர்கள். இவர் தமிழில் சொன்னதை அவர்கள் முழுசாக எடுத்தார்கள், ஆனால் படத்தில் வரவில்லை. வெறுங்கையால் மருந்து கலப்பது மட்டும் பெரிசாக வந்தது. அதைப் பார்த்துவிட்டு மேலிடத்திலிருந்து கேள்வி வர, முதலாளி ரத்தினசாமி இவரைக் கூப்பிட்டு, நாளையிலிருந்து வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார். ஊர்க்காவலன் சிவகாசியில் ஒரு தாள் குடோனில் லோடு இறக்கப் போனார். இருபத்தைந்து வருடம் மருந்தில் இருந்த கை, காலண்டர்த் தாள் கட்டுகளைத் தூக்கியது. வள்ளித்தாய்க்கு அதில் சந்தோஷம், வேளாவேளைக்கு உயிரோடு வீட்டுக்கு வருகிறாரே என்று.

ஆனால் படக்காரர்கள் விடவில்லை. பழைய படத்தைப் பார்த்துவிட்டு, அந்த வெள்ளி மனிதர்தான் வேண்டும் என்று கேட்டு வந்தார்கள். செல்வக்குமார் ஒரு வழி கண்டுபிடித்தான். லைசென்ஸ் போய் மூடிக் கிடந்த ஒரு கம்பெனியின் காலி ரூமில் இவரை உட்காரவைத்து, அடுப்புச் சாம்பலையும் அலுமினியப் பொடியையும் கொடுத்துக் கலக்கச் சொன்னான். மூன்றாவது படமான ஜப்பான்காரர்களின் படத்தில் அவர் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு, மூச்சை அடக்கி, நெற்றி வியர்க்கக் கலப்பது சாம்பலைத்தான். பயமாக இல்லையா என்று கேட்டதோடு சரி, ஜப்பான்காரர்கள் வேறு பேச்சே எடுக்கவில்லை. கும்பிட்டுவிட்டுப் போய்விட்டார்கள்.

நாலாவது படத்துக்குப் பிரீத்தி வந்தாள். அவளைப் பற்றிக் கெட்டதாகச் சொல்ல ஒன்றுமில்லை. பெங்களூரில் வளர்ந்த பெண், வீட்டில் தமிழ், படிப்பு இங்கிலீஷ். வெளிநாட்டுக் கம்பெனிக்காக வந்தாள் என்றாலும், செல்வக்குமாரைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு நேரே ஊர்க்காவலனுக்கு எதிரே தரையில் உட்கார்ந்தாள். "அங்கிள், நீங்க என்ன சொன்னாலும் நான் அப்படியே மொழிபெயர்ப்பேன். ஒரு வார்த்தையும் விட மாட்டேன்" என்றாள். அவருக்குக் கண் கலங்கிவிட்டது. ஆறு வருடமாக எதிர்பார்த்த ஆள் இவள்தான் என்று நம்பினார். நம்பினதில் தப்பில்லை.

"தம்பி எப்படி இறந்தாரு?"

"மருந்துல போயிட்டான்மா."

"என்ன ஆச்சு?"

மனசுக்குள் பல முறை சொல்லிச் சொல்லி ஊர்க்காவலனுக்குக் கதை சுருங்கிப் போயிருந்தது. அதுவும் இந்தப் பெண் கண்ணைப் பார்த்துக்கொண்டே கேட்கும்போது, போர்மேன் பேரைச் சொல்லித் தப்பிக்க வாய் வரவில்லை, தன் பேரைச் சொல்லவும் வரவில்லை.

"மிச்ச மருந்து கெடந்துச்சு. வீட்டுக்குப் போனா பொண்டாட்டி இருக்கா, கைப்பிள்ளை இருக்கு. வேண்டாம், வேண்டாம்னு சொல்லியும் கேக்கல. எடுத்துட்டான். ஒரு நிமிசத்துல முடிஞ்சு போச்சு. அவன் மேல தப்பு இல்ல தாயி."

சொல்லிவிட்டு அழுதார். பிரீத்தியும் அழுதாள். கேமராக்காரரும் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அன்று சாயங்காலம் ஊர்க்காவலன் வீட்டுக்கு நடந்து வரும்போது, முதுகிலிருந்து ஒரு மூட்டையை இறக்கிவைத்த மாதிரி இருந்தது என்று வள்ளித்தாயிடம் சொன்னார். என்ன மூட்டை என்று அவள் கேட்டதற்குச் சோற்றைப் போடச் சொன்னார்.

படம் வெளிநாட்டில் ஓடியது. அது இந்த ஊருக்குத் தெரியாது. ஆனால் 2009-ல், வெளிநாட்டுப் படங்களைத் தமிழில் பேசவைத்துப் போடும் சேனல் ஒன்று கேபிளில் வர ஆரம்பித்தது. அரசாங்கம் கொடுத்த கலர் டிவி அப்போது வீட்டுக்கு வீடு இருந்தது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் படம் வருகிறது என்று செல்வக்குமார் போன் போட்டுச் சொன்னான். ஊர்க்காவலன் ஊர் முழுக்கச் சொன்னார். குருவம்மாள் வீட்டு வாசலில் போய் நின்று, உள்ளே பார்த்து, "ஞாயித்துக்கிழமை மூணு மணிக்கு டிவியப் பாரு தாயி. நீ கேட்டது வருது" என்று சொல்லிவிட்டுத் திரும்பினார். அவள் மகள் எழில்தான் எட்டிப் பார்த்தாள். குருவம்மாள் வரவில்லை.

மூன்று மணிக்கு அவர் வீட்டில் இருபது பேர் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். முதலில் பாம்பு பிடிக்கிறவன் வந்தான். பிறகு இவர் வந்தார், தகதகவென்று. பெண்கள் சிரித்தார்கள். பிறகு அவர் முகம் மட்டும் டிவி நிறைய வந்தது. உதடு அசைந்தது. ஆனால் வந்த குரல் அவருடையது இல்லை. மெட்ராஸில் எங்கோ உட்கார்ந்து பேசிய யாரோ ஒருத்தருடைய கணீரென்ற குரல், புத்தகத்தில் இருப்பது போன்ற சுத்தமான தமிழில் சொன்னது:

"என் தம்பி விஷ மருந்தை அருந்தி உயிரை மாய்த்துக்கொண்டான். உனக்கு மனைவி இருக்கிறாள், கைக்குழந்தை இருக்கிறது, வேண்டாம் வேண்டாம் என்று நான் எவ்வளவோ சொன்னேன். அவன் கேட்கவில்லை. ஒரே நிமிடத்தில் எல்லாம் முடிந்துவிட்டது."

ஊர்க்காவலன் டிவியையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் உதடு அங்கே அசைந்துகொண்டிருந்தது.

இந்தப் பக்கத்தில் மருந்து என்றால் கம்பெனியில் வெடிமருந்து, காட்டில் பூச்சிமருந்து. காய்ச்சலுக்குச் சாப்பிடுவதை மாத்திரை என்பார்கள். மருந்தில் போய்விட்டான் என்றால் எந்த மருந்து என்று ஆளையும் இடத்தையும் வைத்துப் புரிந்துகொள்வார்கள். பெங்களூர்ப் பெண்ணுக்கு அது எப்படித் தெரியும்? செய்திகளில் விவசாயிகள் மருந்து குடித்துச் செத்ததைப் படித்தவள் அவள். கேட்டதை மனசாட்சியோடு இங்கிலீஷாக்கினாள். யாரோ அதை மனசாட்சியோடு தமிழாக்கினார்கள். நடுவில் ஒருத்தரும் அயோக்கியத்தனம் செய்யவில்லை.

முனியராஜ் ரூமோடு வெடித்துப் போனதை ஊரே கண்ணால் பார்த்ததுதானே, இந்தக் கதையை எப்படி நம்புவார்கள் என்று ஊர்க்காவலன் நினைத்தார். ஊர் நம்பவில்லை, அதைவிடக் கெட்டிக்காரத்தனமாக இரண்டையும் சேர்த்து முடிச்சுப் போட்டது. அன்றைக்குக் காலையில் அவன் பூச்சிமருந்தைக் குடித்துவிட்டுத்தான் வேலைக்கு வந்திருக்கிறான், அந்த மயக்கத்தில்தான் சல்லடையைத் தேய்த்திருக்கிறான், இல்லாவிட்டால் அப்பேர்ப்பட்ட வேலைக்காரன் தேய்ப்பானா என்றார்கள். அண்ணன்காரர் இத்தனை வருடம் குடும்ப மானத்துக்காக மூடி வைத்திருந்தார், பாவம், வெளியூர்ப் பெண் கேட்டதும் அழுது கொட்டிவிட்டார் என்றார்கள். அப்புறம் கேள்வி குருவம்மாள் பக்கம் திரும்பியது. கைப்பிள்ளையை விட்டுவிட்டு ஒரு மனுஷன் மருந்தைக் குடிக்கிறான் என்றால் வீட்டில் என்ன நடந்திருக்கும்? மறுநாள் திரி ரூமில் ஒருத்தி அவளிடம் மெதுவாகக் கேட்டேவிட்டாள்.

"ஏன்டி குருவு, அன்னைக்கு உங்களுக்குள்ள எதுவும் சண்டையா?"

குருவம்மாள் கோர்த்துக்கொண்டிருந்த திரியை அப்படியே வைத்துவிட்டு எழுந்து வீட்டுக்குப் போய்விட்டாள் என்று மூக்கம்மாள் வந்து சொன்னாள்.

ஊர்க்காவலன் விருதுநகருக்கு ஓடினார். செல்வக்குமார் எங்கெங்கோ கேட்டு நம்பர் வாங்கிப் பிரீத்திக்குப் போன் போட்டுக் கொடுத்தான். விஷயம் தெரிந்ததும் அந்தப் பெண் அந்தப் பக்கம் உடைந்துபோனாள்.

"ஐயோ அங்கிள். மருந்துன்னா நான் பாய்சன்னு நினைச்சேன். நீங்க வேண்டாம்னு சொன்னீங்க, அவர் கேக்கலன்னுதான் எழுதினேன். அப்ப வேண்டாம்னு சொன்னது யாரு?"

"தம்பி."

"கேக்காதது யாரு?"

ஊர்க்காவலன் போனைக் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு நின்றார். ஸ்டுடியோ சுவரில் யாரோ ஒரு மாப்பிள்ளையும் பெண்ணும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். கேக்கல என்று அவர் சொன்னது உண்மைதான். நான் கேக்கல என்று சொல்லாமல் விட்டார். அந்த இரண்டெழுத்துச் சொல்லைப் போட்டிருந்தால் பெங்களூர்ப் பெண்ணென்ன, ஜப்பான்காரனுக்கே புரிந்திருக்கும். ஏழு வருடமாக அவர் விட்டுவிட்டு விட்டுவிட்டுப் பேசிய இடத்தில் அந்தப் பெண் தன் பங்குக்கு ஓர் ஆளைப் போட்டு நிரப்பியிருக்கிறாள். குற்றம் யாருடையது?

"அங்கிள், லைன்ல இருக்கீங்களா? படத்தை நிறைய நாட்டுக்கு வித்துட்டாங்க. என்னால மாத்த முடியுமான்னு தெரியல. நான் லெட்டர் எழுதறேன்."

"சரிம்மா. நீ அழாத" என்று சொல்லிப் போனைச் செல்வக்குமாரிடம் கொடுத்தார்.

மறுநாள் காலை ஏழு மணிக்கு ஊர் முக்கில் போய் நின்றார். கம்பெனி பஸ் வந்து ஆட்களை ஏற்றும் இடம் அது. தூக்குச்சட்டியும் கையுமாக இருபது இருபத்தைந்து பேர் நின்றார்கள். குருவம்மாளும் வந்திருந்தாள், ஒதுங்கி, கல் மாதிரி. கேமரா இல்லை, அலுமினியப் பொடி இல்லை. நடுவே போய் நின்று ஊர்க்காவலன் பேசினார்.

"எல்லாரும் ஒரு நிமிசம் கேளுங்க. டிவில வந்தது பொய். முனியராஜ் எதையும் குடிக்கல. சல்லடையத் தேய்க்கவும் இல்ல. நான் விசாரணையில சொன்னதும் பொய். சனிக்கிழமை மிச்ச மருந்து, சூடா இருந்துச்சு. வேண்டாம்ணேன்னு எங்கிட்டச் சொன்னான். எங்கிட்டத்தான் சொன்னான். நான் கேக்கல. நான்தான் போடச் சொன்னேன். சொல்லிட்டுத் தண்ணி குடிக்கப் போயிட்டேன்."

முதலில் அசைந்தவள் குருவம்மாள். நேரே அவருக்கு முன்னால் வந்து நின்றாள். ஏழு வருடத்துக்கு அப்புறம் அவரிடம் பேசினாள்.

"அவுக வேண்டாம்னு சொன்னது உங்ககிட்டயா?"

"ஆமா தாயி."

"நான் போர்மேன்கிட்டச் சொன்னாகன்னு நெனச்சுக்கிட்டிருந்தேன்."

அவள் கத்தவில்லை, அழவில்லை. பஸ் வந்து நின்றது. தூக்குச்சட்டியை இடது கைக்கு மாற்றிக்கொண்டு ஏறிப் போய், அந்தப் பக்கத்து ஜன்னலோரம் உட்கார்ந்தாள்.

மற்றவர்கள் ஏறுவதற்கு முன்னால் அவரைச் சூழ்ந்துகொண்டார்கள். மூக்கம்மாள் அவர் கையைப் பிடித்துக்கொண்டு கண்ணைத் துடைத்தாள். "அண்ணாச்சி, எம்புட்டுப் பெரிய மனசு உங்களுக்கு. அவளை ஊரு பேசுதுன்னு பழிய உங்க தலையில போட்டுக்கிட்டீக."

"இல்ல மூக்கம்மா, நெசமாத்தான் சொல்றேன். நான்தான் போடச் சொன்னேன்."

"தெரியுது அண்ணாச்சி. யாரும் அவளை இனிமே ஒண்ணும் கேக்க மாட்டோம்" என்றாள் திரி ரூமில் கேள்வி கேட்டவள். பின்னாலிருந்து ஒருத்தர், அண்ணன்னா இப்படில்ல இருக்கணும் என்றார். இன்னொருவர், டிவியில் அழுததைப் பார்த்தபோதே தெரிந்தது என்றார். அவர் மறுபடி மறுபடி நான்தான், நான்தான் என்று சொன்னார். சொல்லச் சொல்ல அவர்களுக்கு அவர் மேல் மரியாதை கூடிக்கொண்டே போனது. டிரைவர் ஹாரன் அடித்ததும் ஒவ்வொருவராக அவர் தோளைத் தொட்டுவிட்டு ஏறினார்கள்.

அங்கே நின்ற அத்தனை பேரிலும் அவர் சொன்னதை நம்பினவள் குருவம்மாள் ஒருத்திதான். அதற்குப் பிறகு அவள் அவரிடம் பேசவே இல்லை.